கச்சத்தீவும் எங்கள் குடும்ப அட்டையும்

கச்சத்தீவில் குடிநீர் இல்லை. அந்தத் தீவைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் ஒப்பந்தத்திலிருந்தோ எல்லைக்கோட்டிலிருந்தோ தொடங்குவார்கள். எனக்குத் தண்ணீரிலிருந்து தொடங்கத்தான் தோன்றுகிறது. நம்பி வாழும் அளவுக்கு நல்ல தண்ணீர் ஊறும் கிணறு ஒன்று அங்கே இருந்திருந்தால், பாம்பனிலிருந்தோ நெடுந்தீவிலிருந்தோ பத்துக் குடும்பங்களாவது போய்க் குடிசை போட்டிருக்கும். அடுப்பு எரியும் நிலத்தை வரைபடத்தில் ஒரு கோடு இழுத்து அந்தப் பக்கம் தள்ளிவிடுவது அவ்வளவு எளிதாக நடந்திருக்காது என்று நான் வெகுகாலம் நம்பிக்கொண்டிருந்தேன். 2018 பிப்ரவரி இறுதியில் அந்தோணியார் திருவிழாவுக்காக அம்மாவும் நானும் அங்கே போனபோது, எங்கள் மூட்டையில் துணிமணியைவிடத் தண்ணீர்ப் புட்டிகளே அதிகம் இருந்தன.

நான் இருப்பது கோத்தகிரியில், கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1800 மீட்டர் உயரத்தில். இங்கிருந்து கடலைப் பார்க்க வேண்டுமென்றால் மேட்டுப்பாளையத்துக்கு இறங்கி, அங்கிருந்து வண்டி மாறி மாறிப் போக வேண்டும். ஆனாலும் தேர்தல் வரும் ஆண்டுகளில் கச்சத்தீவின் பெயர் எங்கள் ஊர் டீக்கடைகள் வரைக்கும் ஏறி வந்துவிடும். "தூக்கிக் குடுத்துட்டாங்க" என்று ஒருவர் சொல்ல, "யாரு குடுத்தது?" என்று மற்றவர் கேட்க, பேச்சு கட்சிகளின் பக்கம் போய்விடும். அந்தப் பேச்சைக் கேட்கும்போதெல்லாம், அதையொட்டிச் சொல்லப்பட வேண்டிய வேறொரு செய்தி விடுபட்டுப் போவதை நான் கவனித்திருக்கிறேன். என் அம்மாயியும் (அம்மாவின் அம்மா) தாத்தாவும் 1972இல் தலைமன்னாரில் கப்பல் ஏறி ராமேஸ்வரத்தில் இறங்கி, தேயிலை வேலைக்காக நீலகிரிக்கு வந்தவர்கள். அரசுத் தாள்களில் எங்களைத் 'தாயகம் திரும்பியோர்' என்று எழுதுவார்கள். ஊரில் எங்கள் பெயர் சிலோன்காரர்கள்.

முதலில் தீவின் கிடப்பைச் சொல்லிவிடுகிறேன். ராமேஸ்வரம் கரைக்கு வடகிழக்கே ஏறத்தாழ 12 கடல் மைல் தொலைவில் கச்சத்தீவு இருக்கிறது. அதற்கு மிக அருகில் மக்கள் வாழும் இலங்கைத் தீவு நெடுந்தீவு. அங்கிருந்து உள்ள தொலைவு இதைவிடச் சற்றுக் குறைவு. ஆக, இரண்டு கரைகளுக்கும் ஏறக்குறைய நடுவில் அது கிடக்கிறது. பரப்பு 285 ஏக்கர். கடற்கரைக்காரர்களுக்கு இந்தக் கணக்கு எப்படிப் புரியுமோ தெரியாது, மலையில் இருப்பவர்களுக்குச் சட்டென்று பிடிபடும்: நடுத்தர அளவுள்ள ஒரு தேயிலைத் தோட்டம். பெரட்டு என்னும் காலை ஆள்கணக்கு முடிந்து புறப்படும் கங்காணி, பத்து மணித் தேநீருக்குள் ஒரு சுற்று சுற்றி வந்துவிடலாம். குன்று, மேடு என்று சொல்லிக்கொள்ள அங்கே ஒன்றுமில்லை. முட்புதர்களும் குட்டை மரங்களும் மணலும் பவளக்கல் சில்லுகளுமாக, அலைக்குச் சற்று மேலே தட்டையாகக் கிடக்கும் நிலம் அது.

பலரும் அதை மன்னார் வளைகுடாத் தீவுகளோடு சேர்த்துக் குழப்பிக்கொள்கிறார்கள். ராமேஸ்வரத்துக்கும் தூத்துக்குடிக்கும் இடையில் குருசடைத் தீவு முதலாக வரிசையாக இருக்கும் 21 தீவுகள் தேசியப் பூங்காவைச் சேர்ந்தவை. அவை ராமர் பாலத்துக்குத் தெற்கே, இந்தியக் கரையை ஒட்டி இருக்கின்றன. கச்சத்தீவு பாலத்துக்கு வடக்கே, பாக் விரிகுடாவில் தனியாக நிற்கிறது. 1763 முதல் 1767 வரை சென்னையில் ஆளுநராக இருந்த ராபர்ட் பாக் என்பவரின் பெயரைத்தான் அந்தக் கடல் இன்றும் சுமந்துகொண்டிருக்கிறது.

ஆழம் மிகக் குறைந்த கடல் அது. பெரும்பாலான இடங்களில் 15 மீட்டரைத் தாண்டாது. எங்கள் வீட்டுக்குப் பின்னால் தேயிலைக்கு நிழல் தருவதற்காக நட்டிருக்கும் சில்வர் ஓக் மரம் ஒன்றைக் கொண்டுபோய் அந்தக் கடலடியில் நட்டால், அதன் உச்சிக்கிளை தண்ணீருக்கு மேலே தெரியும். சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன்பு, பனியுகத்தின் உச்சத்தில், கடல் மட்டம் இன்றைக்கு இருப்பதைவிட 100 மீட்டருக்கும் மேலாகக் கீழே இறங்கியிருந்தது. அப்போது பாக் விரிகுடா என்று ஒன்று இல்லை. தமிழ்நாடும் இலங்கையும் ஒரே தொடர் நிலம். நீலகிரியின் மலைக்காடுகளுக்கும் இலங்கை மலையகத்துக்கும் பொதுவான உயிரினங்கள் இத்தனை இருப்பதற்கு, இப்படித் திரும்பத் திரும்ப நிலம் இணைந்து பிரிந்தது ஒரு காரணம். அம்மாயி இங்கே வந்த முதல் ஆண்டில், காட்டோரத்தில் சிவப்பாகப் பூத்திருந்த காட்டுப் பூவரசைப் பார்த்துவிட்டு, "இது நம்ம நுவரெலியாப் பூவுல்ல!" என்றாராம். அவர் சொன்னது சரி. இங்குள்ளதும் அங்குள்ளதும் ஒரே இனத்தின் இரண்டு கிளைகள் என்று நான் பிற்பாடு படித்துத் தெரிந்துகொண்டேன்.

14ஆம் நூற்றாண்டில் எரிமலை வெடித்து உண்டான தீவு இது என்று பல இடங்களில் எழுதிவைத்திருக்கிறார்கள். நான் அதை நம்பவில்லை. யாழ்ப்பாணக் குடாநாடும் அதைச் சுற்றியுள்ள தீவுகளும் சுண்ணாம்புக்கல் நிலங்கள். நெடுந்தீவின் வேலிச் சுவர்களே பவளக்கற்களை அடுக்கிக் கட்டியவை. கச்சத்தீவின் கரையில் என் காலில் குத்தியதும் வெள்ளைப் பவளச் சில்லுதான். பெயருக்கும் இப்படியே பல விளக்கங்கள் உண்டு. கச்சம் என்றால் ஆமை, ஆமைகள் வந்த தீவு அது என்பார்கள் சிலர். பச்சைத் தீவு என்பது மருவிக் கச்சத்தீவு ஆனது என்பார்கள் வேறு சிலர். ஆமை விளக்கம் எனக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் பிடித்திருப்பதை ஆதாரமாகக் கொள்ள முடியாது.

ஆள் இல்லாத நிலத்துக்கும் வரலாறு உண்டு. அது குத்தகைச் சீட்டுகளிலும் நில அளவைப் பதிவுகளிலும் இருக்கும். கச்சத்தீவு ராமநாதபுரம் சேதுபதிகளின் ஆட்சிப் பரப்பைச் சேர்ந்ததாக, பின்னர் ராமநாதபுரம் ஜமீனின் சொத்தாக எண்ணப்பட்டு வந்தது. அங்கே எடுப்பதற்கு என்ன இருந்தது என்று கேட்டால், சாயவேர் இருந்தது. இம்பூரல் என்றும் அதைச் சொல்வார்கள். மணற்பாங்கான கரைகளில் தரையோடு தரையாகப் படரும் சிறு செடி. அதன் வேரை அரைத்தால் பருத்தித் துணிக்கு ஏறும் சிவப்புச் சாயம் கிடைக்கும். செயற்கைச் சாயங்கள் வந்து சந்தையைப் பிடிப்பதற்கு முன்பு, சோழமண்டலக் கரையின் துணிகளுக்குப் பெயர் வாங்கித் தந்த சிவப்பு அது. 19ஆம் நூற்றாண்டில் அந்த வேரை எடுக்கும் உரிமைக்காகக் கடலோரக் கிராமங்களையும் தீவுகளையும் சேர்த்துக் குத்தகைக்கு விட்டபோது கச்சத்தீவும் அந்தப் பட்டியலில் இருந்தது. குத்தகைக்காரர்கள் போய் வேர் பிடுங்கி வந்தார்கள். மீனவர்கள் இளைப்பாறவும் பருத்தி வலைகளை உலர்த்தவும் இறங்கினார்கள். கரையில் படகை இழுத்துப் போட்டு ஓரிரு இரவு தங்குவார்கள், கொண்டுபோன தண்ணீர் தீர்வதற்குள் திரும்பிவிடுவார்கள்.

அந்தோணியார் கோயிலும் அப்படி இறங்கியவர்கள் எழுப்பியதுதான். தொண்டிக்குப் பக்கத்தில் உள்ள நம்புதாளையைச் சேர்ந்த சீனிக்குப்பன் படையாச்சி என்ற மீனவர் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அதைக் கட்டினார் என்பார்கள். அன்றிலிருந்து ஆண்டுக்கு ஒருமுறை, தவக்காலத்தை ஒட்டி, இரண்டு கரைகளிலிருந்தும் மக்கள் கூடுவது வழக்கமாயிற்று.

எல்லைப் பேச்சு தொடங்கியது 1921இல். ஆங்கிலேயர் ஆட்சிக்குள்ளேயே சென்னை மாகாணமும் இலங்கையும் மீன்பிடிப்புக்காகக் கடலைப் பிரித்துக்கொள்ள உட்கார்ந்தபோது, கச்சத்தீவு யாருடையது என்ற கேள்வி எழுந்தது. தீவுக்கு மேற்கே 3 மைல் தள்ளிக் கோடு போகலாம் என்று பேசியவர்கள் ஒத்துக்கொண்டார்கள். ஆனால் அந்த உடன்பாடு முறைப்படி ஏற்கப்படாமலே நின்றுவிட்டது. இரண்டாம் உலகப் போரின்போது தீவு குண்டுவீச்சுப் பயிற்சிக்குப் பயன்பட்டது. இரண்டு நாடுகளும் விடுதலை பெற்றன. இங்கே ஜமீன்தாரி முறை ஒழிந்தது. கேள்வி மட்டும் அப்படியே இருந்தது.

1974 ஜூன் 26ஆம் தேதி கொழும்பிலும் 28ஆம் தேதி புது தில்லியிலும் இந்திரா காந்தியும் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் கையெழுத்திட்ட உடன்படிக்கை, பாக் நீரிணையிலிருந்து ராமர் பாலம் வரைக்குமான கடலில் எல்லையை வகுத்தது. கோடு கச்சத்தீவின் மேற்குக் கரையிலிருந்து ஒரு மைல் தள்ளிப் போயிற்று. தீவு இலங்கையின் பக்கம் ஆயிற்று. அந்த உடன்படிக்கையின் 5ஆவது பிரிவைத்தான் நான் பலமுறை படித்திருக்கிறேன். இந்திய மீனவர்களும் யாத்திரிகர்களும் அதுவரை போய்வந்தது போலவே கச்சத்தீவுக்குப் போய்வரலாம், அதற்காக அவர்கள் பயண ஆவணமோ விசாவோ பெற வேண்டியதில்லை என்பது அதன் சாரம். 6ஆவது பிரிவு, இரு நாட்டுக் கலங்களும் அடுத்தவர் கடலில் மரபாக அனுபவித்துவந்த உரிமைகளைத் தொடரலாம் என்றது. தமிழ்நாட்டுச் சட்டமன்றம் அந்த ஆண்டு ஆகஸ்டிலேயே தன் எதிர்ப்பைத் தீர்மானமாகப் பதிவு செய்தது.

இரண்டு ஆண்டுகள் கழித்து, 1976 மார்ச் 23ஆம் தேதி, மன்னார் வளைகுடாவிலும் வங்கக் கடலிலும் எல்லை வகுக்கும் இன்னோர் உடன்படிக்கை வந்தது. அதையொட்டி இரு அரசுகளும் மாற்றிக்கொண்ட கடிதங்கள், ஒரு நாட்டின் மீனவர் மற்ற நாட்டுக் கடலில் மீன் பிடிக்கக் கூடாது என்றன. அந்தத் தேதியைக் கவனிக்க வேண்டும். நாட்டில் அப்போது நெருக்கடி நிலை இருந்தது. தமிழ்நாட்டு அரசு அதே ஆண்டு ஜனவரி 31ஆம் தேதி கலைக்கப்பட்டிருந்தது. எந்தக் கரையின் மீனவர்களை அந்தக் கடிதம் அதிகமாகப் பாதிக்குமோ, அந்தக் கரையின் சார்பில் கேட்பதற்கு ஒரு சட்டமன்றம்கூட அன்றைக்கு இல்லை. 1974ஆம் ஆண்டைவிட 1976ஆம் ஆண்டே கசப்பானது என்பது என் எண்ணம். வலை உலர்த்தும் உரிமையைப் பற்றிய சர்ச்சை நைலான் வலை வந்த பிறகு பெரிதாகப் பொருள்படவில்லை. மீன் பிடிக்கும் உரிமைதான் சோறு.

இதற்குப் பிறகு வந்தவை எல்லோருக்கும் தெரிந்தவைதான்: சட்டமன்றத் தீர்மானங்கள், உச்ச நீதிமன்ற வழக்கு, தேர்தல் மேடைகள். டீக்கடைப் பேச்சில் விடுபட்டுப் போவதாக முதலில் சொன்ன செய்திக்கு வருகிறேன்.

அதே 1974இல், ஜூன் மாதத்துக்கு ஐந்து மாதங்கள் முன்னால், ஜனவரியில், அதே இரண்டு தலைவர்கள் இன்னோர் உடன்பாடும் செய்துகொண்டார்கள். அது மனிதர்களைப் பற்றியது. 1948இல் இலங்கை கொண்டுவந்த குடியுரிமைச் சட்டத்தால், தலைமுறை தலைமுறையாக அங்கே தேயிலை மலைகளில் உழைத்துவந்த இந்திய வம்சாவளித் தமிழர்கள் நாடற்றவர்கள் ஆனார்கள். 1964 அக்டோபர் 30ஆம் தேதி லால் பகதூர் சாஸ்திரியும் சிறிமாவோவும் செய்த ஒப்பந்தம் அவர்களை 9,75,000 பேர் என்று கணக்கிட்டு, 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்ளும், 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை தரும், மீதி 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பேசலாம் என்றது. அந்தப் 'பிறகு' வந்ததுதான் 1974 ஜனவரி. உனக்கு 75,000, எனக்கு 75,000 என்று முடிந்தது. ஜனவரியில் ஆட்களைப் பாதியாகப் பகிர்ந்தவர்கள் ஜூனில் கடலைப் பகிர்ந்தார்கள். மக்கள் குடியிருந்திருந்தால் கச்சத்தீவைக் கொடுத்திருக்க முடியாது என்ற என் பழைய நம்பிக்கை, இந்த இரண்டு தேதிகளையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்த நாளில் போய்விட்டது.

எங்கள் வீட்டு அலமாரியில் அம்மாயியின் குடும்ப அட்டை இருக்கிறது. இந்தியாவுக்கு வர ஒப்புக்கொண்ட குடும்பங்களுக்கு இலங்கையில் இருந்த இந்தியத் தூதரகம் கொடுத்த அட்டை அது. குடும்பமாக நின்று எடுத்த புகைப்படம் ஒட்டியிருக்கும். அம்மாவுக்கு அதில் பத்து வயது, தலையில் பெரிய ரிப்பன். மடிப்பில் தாள் நைந்து, தாத்தாவின் முகத்துக்குக் குறுக்கே ஒரு வெள்ளைக்கோடு விழுந்திருக்கிறது. உறுப்பினர் பெயர்கள் வரிசையாக எழுதியிருக்கும் பக்கத்தில், அம்மாயியின் தங்கை பெயர் இல்லை. அவருடைய கணவர் இலங்கைக் குடியுரிமைக்கு மனுப் போட்டிருந்தார்; தாத்தா இந்தியாவுக்குப் போட்டார். துறையூர்ப் பக்கம் தன் அப்பன் பாட்டன் நிலம் இருக்கிறது என்று தாத்தா நம்பியிருந்தார். வந்து பார்த்தபோது அவருக்கென்று அங்கே ஒன்றும் மீந்திருக்கவில்லை. தெரிந்த தொழில் தேயிலைதான் என்பதால் குடும்பம் நீலகிரிக்கு வந்தது. தாயகம் திரும்பியோருக்கு வேலை தருவதற்காகவே 1968இல் அரசு தொடங்கிய தேயிலைத் திட்டம், பிற்பாடு டேன்டீ என்று பெயர் பெற்றது, இந்த மலையில்தான் இருந்தது. தொழிலாளர்களின் வரிசை வீடுகளை அங்கே லயம் என்றார்கள், இங்கே லைன் வீடு என்றார்கள். பெயரைத் தவிர வேறொன்றும் பெரிதாக மாறவில்லை என்பார் அம்மாயி.

தலைமன்னாரிலிருந்து அவர்கள் வந்த 'ராமானுஜம்' கப்பல் 1980களின் நடுவில், இனக் கலவரங்களுக்குப் பின், நின்றுபோனது. அதன் பிறகு அக்காளுக்கும் தங்கைக்கும் இடையில் கடிதம், பிறகு தொலைபேசி, பிறகு வாட்ஸ்அப். நேரில் பார்க்க வேண்டுமென்றால் அப்போது பாஸ்போர்ட், விசா, விமானக் கட்டணம் எல்லாம் வேண்டியிருந்தது. அது அவர்களுக்கு எட்டாத செலவு. சின்ன அம்மாயிக்கு இலங்கைக் குடியுரிமையே 2003இல் வந்த சட்டத்துக்குப் பிறகுதான் கைக்குக் கிடைத்தது. போர் முடிந்து கச்சத்தீவுத் திருவிழா மீண்டும் ஒழுங்காக நடக்கத் தொடங்கியபோது, ஹட்டனிலிருந்து சின்னம்மா, அதாவது சின்ன அம்மாயியின் மகள், அம்மாவிடம் போனில் சொன்னார்: "அக்கா, அந்தத் தீவுக்கு வர உங்களுக்கு விசா வேணாமாம். எங்களுக்கும் அது நம்ம நாடுதான். அங்க வந்து பாத்துக்குவோமா?"

5ஆவது பிரிவை நான் முதன்முதலில் தேடிப் படித்தது அன்று இரவுதான்.

அம்மாயிக்கு அப்போது எண்பது வயது. படகில் ஏறும் நிலையில் இல்லை. "நான் எதுக்கு, நீங்க போயிட்டு வாங்க" என்றவர், மறுநாள் காலையில் கடைக்குப் போய் அரைக்கிலோ தேயிலைத் தூள் வாங்கிவந்து, பாலிதீன் பைக்குள் பாலிதீன் பையாக மூன்று சுற்றுச் சுற்றிக் கட்டி என் கையில் கொடுத்தார். இலங்கைக்காரர்களுக்குத் தேயிலையா என்று நான் கேட்டேன். "நம்ம கையில பறிச்ச கொழுந்தா இருக்கும், குடிச்சுப் பாக்கட்டும்" என்றார்.

பதிவு, அடையாளச் சான்று, சோதனை எல்லாம் முடித்து, ராமேஸ்வரம் துறைமுகத்தில் காலையில் விசைப்படகு ஏறினோம். எல்லோருக்கும் ஆரஞ்சு நிற உயிர்காப்புச் சட்டை. கரை மறைந்து வெகுநேரம் எதுவும் தெரியவில்லை. மலையில் பிறந்த கண்ணுக்குத் தொலைவு என்றால் அடுக்கடுக்காக நீலம் மாறிக்கொண்டு போகும் மடிப்புகள். இங்கே ஒரே ஒரு கோடு. இந்தியக் கடலோரக் காவல் கப்பல் ஓரிடத்தில் நின்றுவிட்டது. எதிரே இலங்கைக் கடற்படையின் படகு வந்தது. அதுதான் கோடு என்று புரிந்துகொண்டேன். அதன் பிறகு ஒரு மைல்தான். முதலில் மரங்களின் தலை தெரிந்தது. நிலம் தண்ணீரோடு ஒட்டிக் கிடப்பதால் மரங்கள் கடலிலேயே முளைத்தவை போலத் தெரிந்தன. இரண்டு மணி நேரத்துக்கும் சற்று அதிகமாக ஆகியிருந்தது.

கடற்படை கட்டி 2016இல் திறக்கப்பட்ட புதிய கோயில் வெள்ளையாக நிற்கிறது. பழைய சிறிய கோயிலும் பக்கத்தில் இருந்தது. ஆண்டு முழுவதும் கடற்படையினரைத் தவிர எவரும் இல்லாத அந்த நிலத்தில், அன்று மர நிழல் இருந்த இடமெல்லாம் தார்ப்பாயும் சேலையும் கட்டி ஆட்கள் உட்கார்ந்திருந்தார்கள். இலங்கைப் பக்கத்தவர்கள் யாழ்ப்பாணம் வந்து, குறிகட்டுவான் இறங்குதுறையில் படகேறி எங்களுக்கு முன்பே வந்து சேர்ந்திருந்தார்கள். கூட்டத்தில் எப்படிக் கண்டுபிடிப்பது என்று நான் யோசித்துக்கொண்டிருக்கும்போதே அம்மா என் கையை விட்டுவிட்டு நடக்கத் தொடங்கிவிட்டார். ஒரு புங்க மரம் அளவுகூட இல்லாத குட்டை மரத்தடியில் உட்கார்ந்திருந்த கிழவி, தலைமுக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்ட விதம் அப்படியே அம்மாயியுடையது. நாற்பத்தாறு ஆண்டுகளுக்கு முன்பு தலைமன்னாருக்கு வழியனுப்பிய பத்து வயதுப் பெண்ணை, சின்ன அம்மாயி முகத்தைத் தடவித் தடவிப் பார்த்தார். "ரிப்பன் எங்கடி?" என்றுதான் முதலில் கேட்டார்.

சிலுவைப்பாதை, தேர்பவனி, மறுநாள் காலைத் திருப்பலி எல்லாவற்றிலும் கலந்துகொண்டோம். தமிழிலும் சிங்களத்திலும் மாறி மாறி மன்றாட்டுகள் ஒலித்தன. சோப்பும் தேங்காய் எண்ணெயும் அந்தப் பக்கத்திலிருந்து இந்தப் பக்கமும், சேலை துணிமணிகள் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கமுமாகக் கைமாறிக்கொண்டிருந்தன. ஆனால் எனக்கு நினைவில் நிற்பது முதல் நாள் சாயங்காலம். சின்னம்மா மூன்று பவளக்கற்களைக் கூட்டி, சுள்ளி வைத்து அடுப்பு மூட்டினார். கடற்படையினர் வண்டியில் கொண்டுவந்து கொடுத்த தண்ணீரில் ஒரு செம்பு பிடித்து வந்தோம். எங்கள் பொட்டலத்தை அவிழ்த்ததும் சின்ன அம்மாயி தூளை உள்ளங்கையில் கொட்டி, விரலால் பரத்திப் பார்த்தார். நீலகிரியின் தொழிற்சாலைகளில் பெரும்பாலும் இயந்திரத்தில் வெட்டி, கிழித்து, சுருட்டிக் குருணையாக்கும் தூள். உருண்டையாக, கரும்பழுப்பாக இருக்கும், கொதிநீரில் போட்ட உடனே சாயம் இறங்கிவிடும். இலங்கை மலையகத்தில் இன்றும் பெரும்பாலும் கொழுந்தை உருட்டி முறுக்கும் பழைய முறை. இலைத்துணுக்கு நீளமாக, கறுப்பாக இருக்கும், சாயம் மெதுவாக இறங்கும், மணம் அதிகம். "இது என்னா, கேழ்வரகு மாதிரி இருக்கு" என்றார் அவர். பிறகு தன் பையிலிருந்து ஹட்டன் தூளை எடுத்து, இரண்டையும் சேர்த்துப் போடச் சொன்னார். சர்க்கரை இருந்தது, பால் இல்லை. நிறம் எங்களுடையது, மணம் அவர்களுடையது. நாங்கள் ஏழு பேர், நான்கு டம்ளர்.

அந்தத் தீவைத் திரும்பப் பெற வேண்டும் என்று சொல்கிறவர்களின் உணர்வை நான் குறைத்துப் பேசமாட்டேன். ராமேஸ்வரம் மீனவர் ஒருவர், எங்களை ஏற்றிச் சென்ற படகில் உதவியாளாக வந்தவர், படகு பிடிபட்டுப் போனால் ஒரு குடும்பம் எத்தனை ஆண்டுகள் பின்னுக்குப் போகும் என்பதை விரல் மடக்கிச் சொன்னார். அதே நாள் மாலையில் நெடுந்தீவு மீனவர் ஒருவரும் பேசினார். இந்தியப் பக்கத்து இழுவைப் படகுகள் இரவில் வந்து அடிமண்ணோடு வாரிக்கொண்டு போகும்போது தங்கள் சிறு வலைகள் அறுந்துபோவதைச் சொன்னார். இலங்கை 2017இல் இழுவைமடித் தொழிலைச் சட்டத்தால் தடைசெய்திருக்கிறது. இரண்டு பேரும் பேசியது ஒரே தமிழ், கும்பிட்டது ஒரே அந்தோணியாரை. தீவு எந்தப் பக்கம் இருந்தாலும், ஆழமில்லாத அந்தக் கடலின் அடித்தரையை இழுவைமடி சுரண்டுவது நிற்கவில்லை என்றால் இருவருக்கும் மீன் இருக்காது என்றே எனக்குத் தோன்றுகிறது. பேச்சுவார்த்தை நடத்துகிறவர்கள் அதையும், யாத்திரிகர்களுக்கான 5ஆவது பிரிவையும் கைவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். எங்களைப் போன்ற குடும்பங்களுக்கு அந்தப் பிரிவு ஒன்றுதான் வாசல்.

மறுநாள் முற்பகலில் படகுகள் புறப்பட்டன. சின்ன அம்மாயி கரையில் நின்று கை காட்டவில்லை. வெயில் தாங்காமல் அதே மரத்தடியில் உட்கார்ந்துகொண்டு, சின்னம்மாவின் கைப்பேசியில் அம்மாயியோடு பேச முடியுமா என்று பார்த்துக்கொண்டிருந்தார். அங்கே சிக்னல் கிடைக்கவில்லை.

கோத்தகிரிக்கு வந்து சேர்ந்த அன்று நல்ல பனி. ஹட்டன் தூளை அம்மாயியிடம் கொடுத்தோம். அவர் பொட்டலத்தைப் பிரித்து, மூக்கருகே வைத்து முகர்ந்து, தங்கை செய்தது போலவே உள்ளங்கையில் கொட்டி விரலால் பரத்திப் பார்த்தார். பிறகு அடுப்பில் தண்ணீர் வைத்துவிட்டு, குழாயடியில் நின்றுகொண்டு கேட்டார்: "அங்க குடிக்கத் தண்ணி கெடச்சுச்சா பிள்ளைகளுக்கு?"